பைக்குள் இருந்த கை

எனக்குப் பயம் பிறவிக் குணம். பின்னால் லாரிச் சத்தம் கேட்டாலே ரோட்டை விட்டு இறங்கி நிற்கிற ஆள் நான். அப்படிப்பட்டவனிடம் போய் அந்த அயர்லாந்து இயக்குநர் அம்மா தன் ரகசியத்தைச் சொல்லியிருக்க வேண்டாம்.

அவருடைய வலது கை நடுங்கும். நரம்பு நோய். அது வெளியே தெரிந்தால் தயாரிப்பு நிறுவனம் படத்தை வேறொருவரிடம் கொடுத்துவிடும். அவருடைய மருத்துவரை விட்டால், மொழிபெயர்க்கச் சேர்ந்த உதவி இயக்குநரான எனக்கு மட்டும்தான் தெரியும். எந்நேரமும் அந்தக் கையைக் கால்சட்டைப் பைக்குள் விட்டிருப்பார். தேநீர் பாதி டம்ளர்தான் வாங்குவார்.

டப்ளினில் ஒரு தொலைக்காட்சி நிலையத்தில் எடுபிடியாகச் சேர்ந்தவர். குழந்தைகள் நிகழ்ச்சி, போலீஸ் தொடர் என்று மெல்ல மேலே வந்து இரண்டு சினிமா எடுத்தார். முதல் படத்தைக் கொண்டாடினார்கள். இரண்டாவது படுத்துவிட்டது. அதற்குப் பிறகு சினிமாவுக்கு அவரை ஒருவரும் கூப்பிடவில்லை. மறுபடி தொடர்களுக்கே போனார். தலை முழுக்க நரைத்தபின் வாய்த்தது இந்த மூன்றாவது படம். ஆடு மேய்க்கும் ஒரு பெண்ணின் கதை. அதற்காகத்தான் மேச்சேரிப் பக்கம் வந்தோம்.

முதல் நாள் படப்பிடிப்பு ஒரு கோயில் திடலில். கேமரா இறங்கும் முன்னால் சாமியிடம் உத்தரவு கேட்க வேண்டும் என்று ஊரார் சொல்லியிருந்தார்கள். கிடாய் மேல் மஞ்சள் தண்ணீர் ஊற்றுவார்கள். அது உடம்பைச் சிலிர்த்து உதறினால் சம்மதம். அதைத்தான் துலுக்குவது என்பார்கள். தண்ணீர் பட்டதும் உதறாத கிடாயை நான் பார்த்ததில்லை என்பதால் அம்மாவிடம் இதைப் பெரிதாகச் சொல்லவில்லை.

அந்தக் கிடாய் உதறவில்லை. இன்னொரு குடம் ஊற்றினார்கள். சொட்டச் சொட்ட நின்று எங்களைப் பார்த்தது. மேளம் நின்றுவிட்டது. தயாரிப்பு நிறுவனம் அனுப்பியிருந்த மேற்பார்வையாளர் எல்லாவற்றையும் கைபேசியில் படம் பிடித்துக்கொண்டிருந்தார்.

"எங்கள் ஊர் ஆடுகளும் இப்படித்தான். நாளெல்லாம் மழையில் அசையாமல் நிற்கும்" என்றார் அம்மா. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

பூசாரி சொன்னார்: "காரியத்துக்குப் பெரியவங்க வந்து ரெண்டு கையையும் கெடா மேல வெச்சுக் கேக்கோணுங்க. அப்பறம் துலுக்கும்."

நான் முந்திக்கொண்டேன். "நா வந்து கேக்கறனுங்க" என்றேன்.

"நீ கூட வந்த ஆளு சாமி. படம் அந்தம்மாளுதுதான?"

மொழிபெயர்த்தேன்.

"கேட்காவிட்டால்?" என்றார் அம்மா.

"இங்கே எடுக்க முடியாது. அப்புறம் சுத்துப்பட்டு ஊர்களில் யாரும் நம்மை விடமாட்டார்கள்."

அம்மா ஒருமுறை மேற்பார்வையாளரின் கைபேசியைப் பார்த்தார். பிறகு நடந்தார். குனிந்து, பையிலிருந்து கையை எடுத்து, ஈர முதுகில் இரண்டு கைகளையும் வைத்தார். வலது கை தடதடவென்று ஆடியது. நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

"அந்தம்மாளுக்குச் சாமி வந்துருச்சுங்க" என்று ஒரு பெண் குரல் கேட்டது. கண்ணைத் திறந்தால் கூட்டமே அவரைப் பார்த்துக் கும்பிட்டுக்கொண்டிருந்தது. பூசாரி அவர் நெற்றியில் திருநீறு பூசினார். அப்போதுதான் கிடாய் தலையிலிருந்து வால் வரைக்கும் உதறியது. மஞ்சள் தண்ணீர் எங்கள் சட்டையெல்லாம் தெறித்தது. மேளம் மறுபடி தொடங்கியது.

எனக்கு உயிர் வந்தது. மேற்பார்வையாளரிடம் ஓடினேன். "சாமி வந்திருக்கிறது. இங்கே இது சகஜம்" என்று அடித்துச் சொன்னேன்.

அவர் கைபேசியைத் தாழ்த்தினார். "என் அப்பாவுக்கும் இப்படித்தான் ஆரம்பித்தது" என்றார். குரலில் கோபமே இல்லை. அதுதான் எனக்கு இன்னும் பயமாக இருந்தது.

அம்மா முதல் காட்சியை எடுத்து முடித்தபோது, மேற்பார்வையாளர் வேப்பமரத்தடியில் நின்று நிறுவனத்தோடு பேசிக்கொண்டிருந்தார். அம்மாவும் பார்த்தார். படம் கைவிட்டுப் போய்விட்டது என்று எங்கள் இருவருக்குமே புரிந்தது.

தேநீர் வந்தது. வழக்கம்போலப் பாதி டம்ளர் நீட்டினேன்.

"நிறைய ஊற்று" என்றார்.

எல்லோரும் பார்க்க வலது கையால் வாங்கினார். மடியிலும் மண்ணிலும் சிந்தியது போக மிச்சம் இருந்ததை நிதானமாகக் குடித்தார். அடுத்த காட்சிக்குக் கேமராவை எங்கே வைப்பது என்று அதே கையை நீட்டிக் காட்டினார்.