ஆடு தின்னாத கலர்ச் சேம்பு

மனுவேல் தண்டலைப் பற்றி நான் தெருவில் அளந்துவிட்ட கதைகள் கொஞ்சமல்ல. புயலில் பாய்க்கயிற்றைப் பல்லால் கடித்துப் பிடித்தே தோணியைக் கரை சேர்த்தார் என்பதும், அவர் வீட்டுச் செடியின் ஓர் இலையில் நாலு பேருக்குச் சோறு போடலாம் என்பதும் நான் கிளப்பியவைதான். ஆனால் இங்கே எழுதுவதில் கூட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. குறைத்துச் சொல்லத்தான் மனம் இழுக்கிறது.

மணப்பாட்டில் பிறந்தவர். பதினாலு வயதில் தோணியில் சோறாக்கப் போய், முப்பத்தைந்தில் தோணியை நடத்தும் தண்டலானார். கடலில் அதட்டல்; கரையில் குரலே எழும்பாது. மனைவி கிளாடிஸுக்காகக் கொழும்பிலிருந்து பால்பவுடர் டப்பாவில் ஏழு கிழங்கு கொண்டுவந்தார். கலர்ச் சேம்பு. வெள்ளை இலையில் பச்சை நரம்பு. பனிமய மாதா திருவிழா வந்தால் அந்த ஏழு தொட்டியும் எங்கள் தெருவில் குகைபோல் கட்டிய கெபியில் மாதாவின் காலடியில் நிற்கும். பனி விழுந்த மாதிரியே இருக்கிறது என்போம், பனியைக் கண்ணால் காணாத நாங்கள்.

கிளாடிஸ் இறந்த பிறகும் அவர் அதை விடவில்லை. உப்புக்காற்று படாமல் வீட்டுக்குள் வடக்கு ஜன்னலடியில் வைத்து, குடத்துக்குக் காசு கொடுத்து வாங்கிய நல்ல தண்ணீரை அளந்து ஊற்றி, ஈரத்துணியால் ஒவ்வொரு இலையையும் துடைப்பார்.

எழுபத்துநாலாம் வருடம் அவருக்கு மாலத்தீவுக்குச் சரக்கேற்றிப் போகும் நடை வந்தது. ஐந்து மாதம். சாவியை என்னிடம் கொடுத்தார்.

“மார்கழியில எலயெல்லாம் விழுந்துரும் டீச்சர். பயப்படாதிய. செடி சாவல, ஒறங்குது. ஒரு சொட்டுத் தண்ணி ஊத்தாதிய.”

“ஒறங்குமாக்கும். கொறட்டை விடுமா தண்டலண்ணே?”

“விடாது. நாம எழுப்பாம இருந்தாப் போதும்.”

கதை அளக்கிறவளுக்கு அடுத்தவர் சொல்வதும் கதையாகவே படும். அதிலும் நான் ஆறாம் வகுப்புக்குச் செடிகொடிப் பாடம் நடத்துகிறவள். மார்கழியில் அவர் சொன்னபடியே கடைசி இலையும் விழுந்தது. மொட்டைத் தொட்டிகளைப் பார்க்கப் பார்க்க எனக்குப் பதறியது. எங்கள் பக்கத்தில் மீன் கழுவிய தண்ணீரைச் சும்மா கொட்டமாட்டோம். முருங்கைக்கும் தென்னைக்கும் ஊற்றினால் அப்படி வளரும். இதுவும் செடிதானே என்று இரண்டு வாரம் தினமும் ஊற்றினேன்.

தெருப்பூனைகள் ஜன்னலில் வரிசை கட்டிய பிறகுதான் நாற்றம் எனக்கு உறைத்தது. மண்ணைக் கிளறினேன். விரல் கிழங்குக்குள் வெண்ணெயில் இறங்குவதுபோல் இறங்கியது. ஆறு தொட்டியிலும் அப்படியே. ஏழாவதைக் கிளறத் தைரியமில்லை. அழுகியதை வெளியே கொட்டி, மண்ணை நிரவி வைத்தேன்.

பங்குனியில் வந்தார். என் வாய் எனக்கு முந்தியது.

“கதவு தெறந்திருந்த நேரம் ஆடு புகுந்துட்டு தண்டலண்ணே. கொம்பு ஒரு முழம் இருக்கும். நான் தொடப்பத்த எடுக்கதுக்குள்ள கெழங்கோட தின்னுட்டு.”

அவர் தொட்டியருகே குந்தினார். மண்ணை அள்ளி உள்ளங்கையில் பரப்பினார். அதில் என்னவோ மினுங்கியது. ஊளி மீனின் செதில். அதை ஊதித் துடைத்து ஜன்னல் கட்டையில் வைத்தார். அடுத்த தொட்டியிலும் இரண்டு.

“மீன் திங்குற ஆடு போல.”

கேலியாகத்தான் சொன்னார். ஆனால் சிரிக்கவில்லை. நான் நிலைப்படியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். இருபது வருடம் பிள்ளைகளை பெஞ்சுமேல் ஏற்றி நிறுத்தியவளுக்கு, நிற்கிறது எப்படி இருக்கும் என்று அன்றைக்குத் தெரிந்தது.

“நான்தான் ஊத்துனேன். நீங்க சொன்னத நம்பல.”

“கிளாடிஸும் மொத வருசம் நம்பல. ஆனா ஊத்தல.”

மிச்சமிருந்த தொட்டியையும் கிளறினார். ஏழாவது தொட்டியின் கிழங்கு கெட்டியாக இருந்தது. அந்தத் திருவிழாவுக்குக் கெபியில் ஒரே தொட்டி நின்றது. கேட்டவர்களிடமெல்லாம், “மத்தது ஆடு தின்னுட்டு,” என்றார் தண்டல். நான் அளந்த எத்தனையோ கதைகளில் அவர் எடுத்துச் சொன்னது அந்த ஒன்றைத்தான். அதைக் கேட்க முடியாமல் செபம் முடியுமுன் வீட்டுக்கு வந்துவிட்டேன்.

அடுத்த நடைக்குக் கிளம்பும்போது சாவி எதிர்வீட்டு அல்போன்சாவுக்குப் போனது. அவளுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது. மார்கழியில் அந்த ஜன்னல் வழியே மொட்டைத் தொட்டி தெரியும். அவள் ஒரு சொட்டும் ஊற்றவில்லை. ஆனியில் வெள்ளை இலை வந்தது.