தரைக்கு வராத பந்து

மண்டலப் போட்டிக்கு ஒன்பது நாள் இருந்தபோது என் வாலிபால் டீம் அடிகளுக்குப் பெயர் வைக்க ஆரம்பித்தது. குத்தாலம் பக்கத்தில் ஒரு பெண்கள் பள்ளியில் நான் அப்போது பி.டி. டீச்சர். லிஃப்டர் கயல்விழி பந்தைத் தூக்கிக் கொடுப்பாள். அட்டாக்கர் சர்மிளா "பருந்து அடி" என்று கத்திவிட்டு எம்புவாள். கத்தி முடிப்பதற்குள் பந்து விழுந்துவிடும். விசாரித்ததில், ஏதோ ஜப்பான் அனிமே, வாலிபால் ஆடும் பையன்களைப் பற்றிய கார்ட்டூன் தொடர் என்றார்கள். டீமே வீட்டில் அதைத்தான் பார்க்கிறதாம்.

திட்டுவதற்கு முன் பார்த்துவிடலாம் என்று ஞாயிற்றுக்கிழமை காலையில் உட்கார்ந்தேன். ஒருவன் எம்புகிறான். அந்தரத்தில் நின்றபடியே சின்ன வயதை முழுக்க நினைத்துப் பார்க்கிறான். இருபது நிமிடமாகியும் பந்து தரைக்கு வரவில்லை. சிரிப்பு வந்தது, ஆனால் எழ முடியவில்லை. மத்தியானம் உலை வைக்கவே மறந்துபோனேன். பெஞ்சிலேயே உட்கார்ந்திருக்கும் ஒருவனுக்காக அதில் ஒரு முழு எபிசோட். அதைப் பார்த்த பிறகு எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. என் பெஞ்சில் தமிழரசி மூன்று வருஷமாக இருந்தாள். அவள் என்ன நினைக்கிறாள் என்று நான் கேட்டதே இல்லை.

மறுநாள் கேட்டேன்.

"எட்டாவதுல ஒரு சர்வீஸ நெட்ல அடிச்சேன் மிஸ். அதுலேருந்து நான் சர்வீஸ் போட வந்தா நீங்க வேற எங்கயோ பாக்குறீங்க," என்றாள்.

எனக்கு அது தெரியவே தெரியாது.

மயிலாடுதுறையில் இறுதி ஆட்டம். கடைசி செட்டில் 12-14 என்று பின்தங்கியிருந்தோம். சர்வீஸ் எங்கள் பக்கம் வந்தது. கோட்டோரம் நடந்து நடந்து ரெஃப்ரியிடம் ஏற்கெனவே இரண்டு முறை வாங்கிக் கட்டிக்கொண்டிருந்தேன். தமிழரசியை உள்ளே அனுப்பினேன். கழுத்து தானாகத் திரும்பியது. பிடித்து நிறுத்திக்கொண்டு அவளையே பார்த்தேன். முதல் சர்வீஸை எதிர் டீம் எடுக்கவில்லை. இரண்டாவதையும் எடுக்கவில்லை. மூன்றாவது நெட்டில் பட்டு எங்கள் பக்கமே விழுந்தது. அடுத்த பாயிண்டும் போயிற்று. தோற்றோம்.

அழுவாள் என்று நினைத்தேன். பஸ்ஸில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அந்த மூன்றாவது பந்தில் கை எங்கே பட்டது, கடைசி நொடியில் ஏன் மனசு மாறியது என்று குத்தாலம் வரும்வரை விடாமல் சொன்னாள்.

புதிதாக வேலைக்கு வரும் பி.டி. ஆசிரியர்களுக்கு இதைச் சொல்கிறேன். ஆட்டத்துக்கு நடுவே கத்துவதை நான் பிறகும் அனுமதிக்கவில்லை. அனிமே பார்ப்பதைத் தடுக்கவும் இல்லை. பந்தைத் தவறவிட்டவளுக்கும் அங்கே ஒரு முழு எபிசோட் கிடைக்கிறது. மைதானத்தில் நாம் அவளுக்கு மூன்று நொடிகூடக் கொடுப்பதில்லை.