வளரும் கைக்கும் அதே எண்

மலாயாவுக்குச் சுதந்திரம் வந்த புதிதில் நான் மலாக்கா ஆஸ்பத்திரியில் எழுத்து வேலை பார்க்கும் கிராணி. குணமாகி வீட்டுக்குப் போகிறவர்களின் அட்டையில் நோய்க்குரிய எண்ணைப் போடுவது என் வேலை. முன்கை எலும்பு முறிந்தால் பெரியவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் ஒரே எண்தான்.

ஒருநாள் என் மகளின் அட்டையே என் மேசைக்கு வந்தது. காஜா பெராங்கில் எங்கள் வீட்டு ரம்புத்தான் மரத்திலிருந்து விழுந்திருந்தாள். மணிக்கட்டுக்குப் பக்கத்தில், எலும்பு வளரும் இடத்திலேயே முறிவு. அந்தக் கை இனி வளராமலே போகலாம் என்று டாக்டர் சொல்லியிருந்தார்.

“இதுக்குத் தனி நம்பர் இல்லையா?” என்று பெரிய கிராணியிடம் கேட்டேன்.

“கை ஒடஞ்சா ஒடஞ்சதுதான். போடுங்க லா.”

பேனாவை மேசையில் விட்டெறிந்தேன். பிறகு நானே எடுத்து அதே எண்ணைப் போட்டேன்.

டாக்டர் சொன்னதே நடந்தது. வளரும் பிள்ளை என்று தீபாவளிச் சட்டையைக் கொஞ்சம் பெரிதாகத் தைப்பதுதான் எங்கள் வழக்கம். அந்தக் கையை மறைக்க முழுக்கைச் சட்டைக்குத் துணி வெட்டிய என் மனைவி, சட்டையின் ஒரு கையை மட்டும் வளர இடம் விடாமல் அளவாக வெட்டினாள்.

பார்த்துக்கொண்டிருந்த மகள் சொன்னாள்: “அந்தக் கையையும் பெருசா வெட்டுங்கம்மா. நான் வளருவேன்ல?”