கழுதைகளைக்கூட எண்ணி எழுதிய ஆண்டவர்

ஆண்டவருக்குள் அன்பானவர்களே, கோபத்தோடுதான் ஆரம்பிக்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். கோபத்தைக் கழித்துவிட்டுச் சொன்னால் இந்தச் சாட்சி பாதி பொய்யாகிவிடும்.

டெக்சாஸில் ரிச்சர்ட்சன் பக்கம் எங்கள் தமிழ் ஐக்கியம். என் வீட்டைத் தவிர இருபத்திரண்டு குடும்பங்கள். சொந்தக் கட்டடம் கிடையாது. ஒரு அமெரிக்கச் சபையார் தங்கள் பின்பக்க ஹாலை ஞாயிறு மூன்று மணிக்கு எங்களுக்குத் திறந்துவிடுவார்கள். நான் ஊழியக்காரன் அல்ல. டெலிகாம் கம்பெனியில் வேலை. ஞாயிற்றுக்கிழமை சாவி என்னிடம் இருக்கும், நாற்காலி போடுவது நான், கடைசியில் விளக்கை அணைப்பதும் நான்.

போன வருஷம் பிப்ரவரியில் கடும் உறைபனி. கூரைக்குள் போன தண்ணீர்க் குழாய் வெடித்துவிட்டது. ஹாலில் கணுக்கால் அளவு தண்ணீர். பாட்டுப் புத்தகங்கள் இட்லி மாதிரி உப்பிக் கிடந்தன. சரிசெய்து முடிக்க இந்த வருஷம் ஜூலை ஆகிவிட்டது.

அதற்குள் நாங்கள் சிதறிப்போனோம். முதலில் ஜூமில் கூடினோம். கொஞ்ச நாளில் முகங்கள் மறைந்து பெயர்கள் மட்டும் இருந்தன. பிறகு பெயர்களும் போயின. ஆளாளுக்கு ஒரு பெரிய சபையைப் பிடித்துக்கொண்டார்கள். அங்கே காபி உண்டு, பிள்ளைகளுக்குச் சறுக்குமரம் உண்டு, ஒரு மணி நேரத்தில் ஆராதனை முடியும். சிறைபிடிக்கப்பட்டுப் போன யூதரில், பாபிலோனிலேயே வீடு கட்டி, தோட்டம் போட்டு, பேரப்பிள்ளையும் பார்த்துவிட்டவனிடம் "கிளம்பு, எருசலேமுக்குப் போகலாம்" என்றால் அவனுக்கு எப்படி இருந்திருக்கும்? அது எனக்கு இப்போது புரிகிறது. அப்போது எரிச்சல்தான் வந்தது.

ஹாலைத் தருகிற அமெரிக்கப் பாஸ்டர் நல்ல மனுஷர். ஆனால் நேராகப் பேசுவார். "ஸ்டீபன், இன்னொரு குழுவும் இந்த இடத்தைக் கேட்கிறது. ஆகஸ்ட் கடைசி ஞாயிறு நானே வந்து பின்னால் உட்காருவேன். கூடுகிற சபை இருந்தால் ஹால் உங்களுக்கு. இல்லையென்றால் அவர்களுக்கு" என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டுப் போனார்.

உடனே வாட்ஸ்அப் குரூப்பில் போட்டேன்: "ஹால் ரெடி. வரும் ஞாயிறு மூன்று மணி. அனைவரும் வருக." முப்பத்தோரு கும்பிடு வந்தது. இரண்டு புறா. ஒரு ஆமென்.

ஞாயிற்றுக்கிழமை அறுபது நாற்காலி போட்டேன். வந்தது யார்? நான், என் மனைவி ரூபி, மகள் ஹன்னா.

"அப்பா, ஈஸ் இட் ஜஸ்ட் அஸ்?" என்று கேட்டாள் ஹன்னா. எனக்கு வந்த கோபத்தில் அறுபது நாற்காலியையும் நானே மடக்கினேன்.

அடுத்த வாரம் குரூப்பில் நன்றாகத் திட்டி எழுதினேன். "யாருக்குமே பாரம் இல்லையா?" இரண்டு பேர் குரூப்பை விட்டே போனார்கள். மற்றவர்கள், "ஜெபிச்சுக்கிறேன் பிரதர்" என்று எழுதினார்கள். நம் ஜனங்கள் வரமாட்டேன் என்பதை இதைவிட மரியாதையாகச் சொல்லி நான் கேட்டதில்லை.

ஆபீஸ் விட்டு வருகிற வழியில் ஃப்ரீவே நெரிசலில் காருக்குள்ளேயே கத்தி ஜெபித்தேன். "ஆண்டவரே, பாரசீக ராஜா கோரேசின் மனசையே திருப்பினீரே! யூதரை ஊருக்குப் போங்கள், ஆலயத்தைக் கட்டுங்கள் என்று அவன் வாயாலேயே சொல்ல வைத்தீரே! பக்கத்து ஊர் பிளேனோவிலிருந்து இருபது நிமிஷம் வர நாலு காரைத் திருப்ப உம்மால் முடியலையா?" அழுகையும் வந்தது. பக்கத்துக் காரில் இருந்த அம்மா என்னைப் பார்த்துவிட்டு ஜன்னலை ஏற்றிக்கொண்டார்கள்.

பதில் அந்தச் சனிக்கிழமையே வந்தது. இந்தியன் கடையில், வெண்டைக்காய்க் குவியலுக்கு முன்னால் வந்தது. அது பதில்தான் என்று அப்போது எனக்குத் தெரியவில்லை.

ஞானராஜ் அண்ணன் வெண்டைக்காயை முனை உடைத்துப் பார்த்துப் பொறுக்கிக்கொண்டிருந்தார். எங்கள் ஐக்கியத்தில் கீபோர்டு வாசிப்பவர்; என்னோடு முதல் நாளிலிருந்து இருந்தவர்.

"என்னண்ணே, சபையையே மறந்துட்டீங்க?" என்றேன்.

"யாரு கூப்பிட்டா?"

"குரூப்ல போட்டேனே!"

"குரூப்லயா?" வெண்டைக்காயைக் கீழே வைத்தார். "உன் பொண்ணு பர்த்டேக்கு நீயும் ரூபியும் வீட்டுக்கு வந்து, உக்காந்து, ஜெபம் பண்ணிக் கூப்பிட்டீங்க. கேக்குக்கு வீடு தேடி வருவ, ஆண்டவர் ஆலயத்துக்கு ஃபார்வர்ட் மெசேஜா?"

"அண்ணே, இருபத்திரண்டு வீடு! நான் என்ன கல்யாணமா வச்சிருக்கேன்?"

"தண்ணி வந்த அன்னைக்கு என் கீபோர்டும் அதுலதான் நனைஞ்சு கெடந்துச்சு. ஒன்றரை வருஷம் ஆச்சு. என்ன ஆச்சுன்னு ஒருத்தர் கேட்டீங்களா? பாட்டு புக்குக்கு அழுதீங்க!"

எடுத்த சாமானை அங்கேயே வைத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன். அவ்வளவு கோபம். வீட்டுக்கு வந்து வேதத்தைத் திறந்தேன். சத்தியமாகச் சொல்கிறேன், அவருக்குப் பதிலடி கொடுக்க ஒரு வசனம் தேடித்தான் திறந்தேன். சிறையிருப்பிலிருந்து திரும்பினவர்களின் பகுதி வந்தது. அதில் ஒரு நீளமான பெயர்ப்பட்டியல் உண்டே, வருஷா வருஷம் நான் விரலால் தள்ளிவிட்டுப் போகிற அதிகாரம், அதைத்தான் அன்றைக்கு வரிவரியாக வாசித்தேன்.

இன்னார் வீட்டார், இத்தனை பேர். இன்னார் வீட்டார், இத்தனை பேர். பாடகர்கள் தனியாக, வாசல் காவலாளர் தனியாக. தங்கள் தகப்பன் வீடு எது என்று காட்ட முடியாமல் நின்றவர்களையும் விடவில்லை. ஒட்டகங்களை எண்ணி, கடைசியில் கழுதைகளையும் எண்ணி எழுதியிருக்கிறது. "அனைவரும் வருக" என்று ஒரு வரி அங்கே இல்லை. வீடு வீடாகப் பெயர் இருந்தது.

பாடகர்கள் என்ற இடத்தில் என் விரல் நின்றுவிட்டது. எங்கள் பாடகர் ஞானராஜ் அண்ணன் வெண்டைக்காய் முன்னால் நின்று கேட்ட கேள்விதான் என் ஜெபத்துக்கு வந்த பதில். கார்களைத் திருப்பச் சொல்லிக் கேட்டேன். ஆண்டவர் முதலில் என் காரைத் திருப்பினார்.

"கிளம்பு ரூபி, வீடு வீடாப் போகணும்" என்றேன்.

"இந்த வெயில்லயா?" என்றாள். ஆனால் புடவை மாற்றிக்கொண்டு வந்தாள்.

மூன்று வார இறுதிகள். இருபத்திரண்டு வீடு. எல்லா வீட்டிலும் டீ, மிக்சர், ஒரு மனத்தாங்கல். ஒரு வீட்டில், "ஏசியை ஃப்ரிட்ஜ் மாதிரி வைக்கிறீங்க." இன்னொரு வீட்டில், "எங்க பையன் பேரை பர்த்டே லிஸ்ட்ல ரெண்டு வருஷமா விட்டுட்டீங்க." பிளேனோவில் ஒரு அக்கா, "நான் குரூப்ல இருந்து போனது உங்க மெசேஜால இல்ல பிரதர்" என்று சொல்லிவிட்டு, அந்த மெசேஜைப் பற்றியே முக்கால் மணி நேரம் பேசினார்கள். நெகேமியா எருசலேமின் மதிலைத் திரும்பக் கட்டும்போது எதிரிகள் வெளியே நின்றார்கள். எனக்குச் சொந்த ஜனமே போதும் என்று தோன்றியது. ஆனாலும் ஒவ்வொரு வீட்டிலும் முழங்கால் போட்டு, பெயர் சொல்லி ஜெபித்தோம்.

கடைசியாக ஞானராஜ் அண்ணன் வீடு. கராஜில் துணி போட்டு மூடி வைத்திருந்தார் கீபோர்டை. "மன்னிச்சிருங்கண்ணே" என்றேன். துணியை விலக்கி வாசித்துக் காட்டினார். நடுவில் மூன்று கட்டைகளில் சத்தம் வரவில்லை.

ஆகஸ்ட் கடைசி ஞாயிறு. மூன்று மணிக்கு ஹாலில் நாங்கள் மூன்று பேரும் பாஸ்டரும். மூன்று பத்துக்கும் அதே நாலு பேர். மூன்று இருபதுக்குப் பாஸ்டர் கடிகாரத்தைப் பார்த்தார். நம் ஜனங்களுக்கு மூன்று மணி என்றால் எத்தனை மணி என்று அவருக்கு எப்படி விளக்குவேன்?

மூன்று இருபத்தைந்துக்கு முதல் கார் வந்தது. அப்புறம் நிற்கவேயில்லை. பிரியாணி அண்டாவோடு ஒருவர், தூங்குகிற குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு ஒருவர், ஏசிக்காக ஸ்வெட்டரோடு ஒருவர். கடைசியாக ஞானராஜ் அண்ணன், கீபோர்டைத் தூக்கிக்கொண்டு. அறுபது நாற்காலி போதவில்லை.

ஆலயத்துக்கு மறுபடி அஸ்திவாரம் போட்ட அன்று முதியவர்கள் அழுதார்களாம், மற்றவர்கள் ஆர்ப்பரித்தார்களாம், எது எந்தச் சத்தம் என்று பிரித்தறிய முடியவில்லையாம். எங்கள் ஹாலிலும் முதல் பாட்டில் அப்படித்தான் இருந்தது. பாஸ்டர் என் தோளைத் தட்டி, "அடுத்த ஞாயிறும் மூன்று இருபத்தைந்துதானே?" என்று கேட்டார்.

இன்னும் சண்டை ஓயவில்லை. அண்டாவை யார் கழுவுவது என்று போன வாரம்கூட ஒரு பஞ்சாயத்து. ஆனால் நான் குரூப்பில் யாரையும் கூப்பிடுவதில்லை. யாராவது ஒரு ஞாயிறு வராவிட்டால் திங்கட்கிழமை அந்த வீட்டு வாசலில் நிற்கிறேன். இந்தக் கோபக்காரனை ஆண்டவர் அந்த அளவுக்கு மாற்றியிருக்கிறார். அவருக்கே ஸ்தோத்திரம்.

விலகிப்போன யாருக்காகவாவது நீங்கள் ஜெபித்துக்கொண்டிருந்தால், நம்பி ஜெபியுங்கள், ஜெபித்துவிட்டு எழுந்து அவர்கள் வீட்டுக்குப் போங்கள். ஒருவேளை விலகிப்போனவர் நீங்களாக இருந்தால், உங்கள் வீட்டுப் பெயரும் அவர் பட்டியலில் இருக்கிறது. வாருங்கள். அந்த மூன்று கட்டைகளை அண்ணன் இன்னும் மாற்றவில்லை. பாட்டில் அந்த இடம் வரும்போது கீபோர்டு சும்மா இருக்கும். அந்த இடத்தை நாங்கள் எல்லோரும் சத்தமாகப் பாடிவிடுகிறோம்.