பலராமன் போட்ட கையெழுத்து

“பலராமன் நல்ல மனுஷன்” என்று தெருவில் யாராவது சொன்னால் எனக்கு இப்போதும் பற்றிக்கொண்டு வருகிறது. நல்ல மனுஷன்தான், யார் இல்லை என்றது? அதனால்தான் இந்தக் கதி.

வேங்கிக்காலில் எனக்கு எதிர் வீடு. மத்தியப் பாதுகாப்புப் படையில் ஏட்டு. பக்கத்தில் ஒரு அரசுக் கிடங்குக்குக் காவல். மகன் எழிலுக்குப் பதின்மூன்று வயது, தசை நோய். வருஷத்துக்கு வருஷம் கால் ஒடுங்கி, இப்போது நிற்கவும் முடியாது. ஆனால் வாய் ஜாஸ்தி. நான் தைக்கிற கார் சீட் உறையைப் பார்த்து, “பாய், தையல் கோணலா போவுது” என்பான். அவனைத் தூக்கித் தூக்கியே தாய் பொன்னிக்கு முதுகில் ஆபரேஷன் ஆனது. இனி கனமான எதையும் தொடக்கூடாது என்று டாக்டர் கண்டித்துவிட்டார். அதிலிருந்து பலராமன் இரவு டியூட்டியாகவே கேட்டு வாங்கிக்கொண்டார். பகலில் பையனைக் கக்கூசுக்குத் தூக்கிப் போவது, குளிப்பாட்டுவது எல்லாம் அவர்தான். எப்போது தூங்கினாரோ தெரியாது.

அந்த நேரம் பார்த்து திரிபுராவுக்கு மாற்றல் வந்தது. பையன் நிலைமையைச் சொல்லி எழுதிய மனு போன இடம் தெரியவில்லை. லீவு போட்டுவிட்டு உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். திங்கட்கிழமை விசாரணை, தடை கிடைக்கலாம், அதுவரை இங்கிருந்து அனுப்புகிற விடுவிப்பு உத்தரவைக் கையெழுத்துப் போட்டு வாங்கிவிடாதீர்கள், வாங்கினால் வழக்கில் உயிர் இருக்காது என்று வக்கீல் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்.

சனிக்கிழமை அந்த உத்தரவோடு அர்ஜுனன் வந்தான். பலராமனுக்குக் கீழே வேலை பார்க்கும் காவலர். பௌர்ணமி கிரிவலக் கூட்டத்துக்காக பஸ்ஸை ஊருக்கு வெளியே நிறுத்திவிட, வெயிலில் நடந்தே வந்திருந்தான். தெருமுனையில் அவனைப் பார்த்ததும் பலராமன் என் வீட்டுக்குள் நுழைந்து ஜன்னல் ஓரம் ஒளிந்துகொண்டார். அவர் ஊரில் இல்லை என்று பொன்னி வாசலில் நின்று சொன்னாள்.

“அண்ணி, கையெழுத்து இல்லாம போனா எனக்கு மெமோ குடுத்துடுவாங்க. ஏற்கெனவே ஒண்ணு வாங்கியிருக்கேன். வேலையே போயிடும்.”

பலராமன் வாசலுக்குத் திரும்பினார். நான் தோளை அழுத்திப் பிடித்தேன். எழிலை நினைத்துப் பாருங்கள், அர்ஜுனன் எப்படியோ போகட்டும் என்றேன்.

“நம்ம செக்‌ஷன் ஆளு பாய். வெறுங்கையோட எப்படி அனுப்புறது?”

கையை உதறிவிட்டுப் போய்விட்டார். சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு கையெழுத்துப் போட்டார். அர்ஜுனன் சல்யூட் அடித்தான். பொன்னி அப்படியே வாசற்படியில் உட்கார்ந்துவிட்டாள்.

உத்தரவை வாங்கியாயிற்று, இனி தடை கிடையாது, போய்ச் சேர்ந்துவிட்டு மனுக் கொடுக்கட்டும் என்று திங்கட்கிழமை வழக்கை முடித்துவிட்டார்கள். வக்கீல் திட்டினார். நானும் திட்டினேன். பலராமன் தலையைக் குனிந்துகொண்டு பெட்டியைக் கட்டினார்.

இப்போது கடை திறக்குமுன் ஒருமுறை, பூட்டிவிட்டு வந்து ஒருமுறை எழிலை நான் தூக்குகிறேன். நடுவில் ஆள் இல்லை. ஒரு நாள் பொன்னி தூக்கப் பார்த்து இருவரும் விழுந்தார்கள். படுக்கையிலேயே மூத்திரப் பாத்திரம் வைக்கிறேன் என்று பொன்னி சொன்னால் அந்த வயசுப் பையன் சம்மதிப்பானா?

பையனுக்கு உதடெல்லாம் வெடித்திருந்தது. காலையில் வைத்த சொம்புத் தண்ணீர் ராத்திரி வரை அப்படியே இருந்தது. ஏன்டா என்றேன்.

“குடிச்சா நடுவுல வரும் பாய். அம்மா தூக்க வருவாங்க.”



நேற்று பலராமன் போன் செய்தபோது பக்கத்தில் இருந்தேன். மனு இன்னும் பரிசீலனையில் இருக்கிறதாம். பிறகு மகனிடம் கேட்டார்.

“தண்ணி நல்லா குடிக்கிறியாடா?”

“குடிக்கிறேன்ப்பா” என்றான் எழில், என்னையே பார்த்துக்கொண்டு.

போனைப் பிடுங்கி உண்மையைச் சொல்ல வாய் துடித்தது. சொன்னால் அங்கிருந்து அந்த மனுஷன் என்ன செய்வார்? நான் எழுந்து அவனைத் தூக்கினேன்.