குடைத்துணிக் காக்கா

மந்தைவெளியில் எங்கள் மொட்டைமாடியில் குருவிகளுக்கென்று ஒரு பிளாஸ்டிக் தீனிப்பெட்டி தொங்குகிறது. குருவி எப்போதாவது வரும். காக்காய்தான் தினமும் வரும். மூடியைப் பெயர்க்கும், குருவி உட்காரும் குச்சியை ஒடிக்கும், தினையை வாரி இறைக்கும். விரிசலை எம்சீல் வைத்து அடைப்பேன். ஒடிந்த குச்சிக்குப் பதிலாகச் சைக்கிள் கம்பி செருகுவேன். மழையில் பூஞ்சை பிடித்த தினையைக் கொட்டிவிட்டு, பெட்டியை வெந்நீரில் கழுவிக் காயவைப்பேன். மறுநாளே உடைந்து கிடக்கும். ஒரு பறவை மேல் இவ்வளவு கோபம் வருமா என்று கேட்காதீர்கள், எனக்கு வரும்.

பட்டினப்பாக்கத்தில் கருவாடு காயப்போடும் இடத்தில் செத்த காக்காயைக் கம்பில் தலைகீழாகக் கட்டியிருப்பதைப் பார்த்திருக்கிறேன். மற்ற காக்காய்கள் அந்தப் பக்கமே அண்டாது. செத்த காக்காய்க்கு நான் எங்கே போக? கிழிந்த குடையின் கறுப்புத் துணியை இறக்கை விரித்த மாதிரி வெட்டி, பெட்டிக்கு மேல் தலைகீழாகக் கட்டினேன். அன்று முழுக்கத் தெருவே அதிரக் கத்தித் தீர்த்தன. அப்புறம் ஒன்றுகூட வரவில்லை. ஜெயித்துவிட்டேன் என்று கொழுப்பாகச் சிரித்தேன்.

அந்த வாரமே அப்பாவின் முதல் வருஷத் திதி. அப்பா இருந்தவரை அவரும் அம்மாவும் என்னோடுதான் இருந்தார்கள். இப்போது வடபழனியில் தம்பி வீட்டிலிருக்கும் அம்மா, படையலை இங்கேதான் போட வேண்டும் என்று காலையிலேயே வந்துவிட்டாள். சமைத்து முடித்து, சாதமும் வடையும் இலையில் வைத்து, மாடிக் கைப்பிடிச் சுவரில் வைத்தோம். அம்மா கா, கா என்று கூப்பிட்டாள். வானம் காலியாக இருந்தது.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் குடைத்துணி ஆடிக்கொண்டிருந்தது. கண் மங்கிய அம்மாவுக்கு அது தெரியவில்லை. அப்பாவின் திதியன்று செத்த காக்காய் பொம்மையை அவள் எதிரில் எப்படி அவிழ்ப்பேன்?

"கீழ போய் ஒரு வாய் சாப்பிடும்மா, மாத்திரை போடணும்ல."

"அவரு சாப்பிடாம நான் எப்படிடி சாப்பிடுவேன்?"

வெயில் உச்சிக்கு ஏறியது. சுவரைப் பிடித்துக்கொண்டு அம்மா வானத்தைப் பார்த்துப் பேச ஆரம்பித்தாள்.

"என்னங்க, அன்னிக்கு ஆஸ்பத்திரியில தண்ணி தண்ணின்னு கேட்டீங்க. டாக்டர் கூடாதுன்னாரு. பஞ்சுல நனைச்சு உதட்டுல தடவினேன். ஒரு வாய் குடுத்திருக்கலாம், குடுக்கல. அந்தக் கோவம்தானே உங்களுக்கு?"

ஒரு வருஷமாக அவள் இதைச் சுமந்துகொண்டிருந்தது எனக்குத் தெரியாது. அவமானத்தில் நான் கூனிப்போனேன்.

தண்ணீர் எடுத்துவர அம்மா தானே கீழே போனாள். அந்த இடைவெளியில் துணியைப் பிய்த்து எடுத்து, சுருட்டித் தொட்டிக்கு அடியில் திணித்தேன். அம்மா வந்து இலைக்குப் பக்கத்தில் ஒரு கிண்ணத்தில் தண்ணீர் வைத்தாள். கொஞ்ச நேரம் கழித்து ஒரு காக்காய் தயங்கித் தயங்கி வந்து உட்கார்ந்தது. சாதத்தைத் தொடவில்லை. முதலில் தண்ணீரைக் குடித்தது.

"பாத்தியாடி, தண்ணியத்தான் தேடியிருக்காரு. மன்னிச்சிட்டாரு."

அன்று அம்மா நிம்மதியாகச் சாப்பிட்டாள். ரசம் ஊற்றும்போது சொல்லிவிட வேண்டும் என்று தவித்தேன். சொன்னால் அந்த மன்னிப்பைப் பிடுங்கிக்கொண்டதாகிவிடும். சொல்லாததால், தண்ணீர் தராதது தன் குற்றம்தான் என்று அவளுக்கு இப்போது உறுதியாகிவிட்டது. அமாவாசைதோறும் சாதத்தோடு ஒரு கிண்ணம் தண்ணீரும் வைக்கிறாளாம், தம்பி சொன்னான். நான் இன்னும் சொல்லவில்லை.