இறங்க வேண்டாம் என்று சொன்னவள்

பன்விலையிலிருந்து புறப்படும் முதல் பஸ்ஸில் இடம் கிடைத்தால் கலாராணி வத்தேகம வரை தூங்குவாள். கிடைக்காவிட்டால் கம்பியைப் பிடித்து நின்றபடியே கண்ணை மூடிக்கொள்வாள். குண்டசாலையில் இறங்கிச் சரிவில் இருபது நிமிடம் நடந்தால் நீர்த்தேக்கம். கரையில் கொங்கிரீட் போட்ட ஒற்றை அறை, முன்னால் தகரக் கூரைபோட்ட தாழ்வாரம், தண்ணீருக்குள் நீண்டு கிடக்கும் மரத்துறை. கொழும்பிலிருந்து வரும் சிறிய விமானம் அந்தத் தண்ணீரில்தான் இறங்கும். சக்கரத்துக்குப் பதிலாக ஓடம்போல இரண்டு மிதவைகள் அதற்கு. ஊரார் அதைத் தண்ணிப் பிளேன் என்பார்கள்.

பதினொரு வருடத்துக்கு முன்னால், கூட்டித் துடைக்கவும் தேத்தண்ணி ஊற்றவும் என்றுதான் அவளை வேலைக்கு எடுத்தார்கள். இப்போது வயது நாற்பத்தேழு. வலது முழங்கால் படியிறங்கும்போது பிடித்துக்கொள்ளும். கூட்டுவதும் தேத்தண்ணி ஊற்றுவதும் அப்படியே இருக்க, இடையில் வானம் பார்க்கும் வேலையும் அவள் தலையில் வந்து விழுந்தது. அது காளிமுத்துவால் வந்தது.

காளிமுத்து அங்கே கயிறு பிடிப்பவனாக இருந்தவன். விமானம் துறையை நெருங்கும்போது கயிற்றை வாங்கிக் கட்டுவான். நான்கு வருடத்துக்கு முன்னால் ஒரு பிற்பகலில் தூரத்தில் இடி முழங்கிக்கொண்டிருந்தது. மழை இன்னும் வரவில்லையே என்று அவன் துறையின் நுனியில் நின்றான். மின்னல் அவன்மேல் விழவில்லை. அறுபதடி தள்ளித் தண்ணீரில் விழுந்தது. அவனைத் தூக்கிப் பலகையில் அடித்துவிட்டது. உயிர் பிழைத்தான், ஆனால் ஒரு காது போயிற்று, ஒரு கையும் மரத்துப்போயிற்று. அந்தக் கை கயிறு பிடிக்க இனி உதவாது என்று ஊருக்குப் போய்விட்டான். அந்த வேளையில் கலாராணி அறைக்குள் கோப்பை கழுவிக்கொண்டிருந்தாள். மேகம் திரண்டு வந்ததைச் சன்னல் வழியே பார்த்திருந்தாள். கூப்பிட்டுச் சொல்லத்தான் நினைத்தாள். தனக்கேன் என்று இருந்துவிட்டாள்.

அதற்குப் பிறகு அவள் சொல்லாமல் இருந்ததில்லை. மேலாளர் ஹபீல் கண்டி டவுனில் பிறந்து வளர்ந்தவர், நல்ல மனுஷன், ஆனால் தலைமையகத்திலிருந்து டெலிபோன் வந்தாலே எழுந்து நின்று பேசுகிறவர். முதலில் அவர் கேட்டுக்கொண்டார். பிறகு விமானி அரூஸும் கேட்கத் தொடங்கினார். அக்குறணைக்காரர். கொழும்பில் கிளம்பினதும் தலைமையகக் கந்தோருடன் இங்கிலீஷில் பேசி முடித்துவிட்டு, கண்டியை நெருங்கும்போது ரேடியோவில் கலாராணியைத் தமிழில் கூப்பிடுவார்.

சித்திரைப் புத்தாண்டு கழிந்து ஒரு வாரம் இருக்கும். அந்த நாட்களில் காலையில் வெயில் சுள்ளென்று அடிக்கும், பகல் ஒரு மணிக்கு மேல் மலைகளில் இடி கிளம்பும். தினமும் அதேதான். தினமும் அவள் கழுத்து வலிக்க மேலே பார்த்தாள். அந்த வாரத்தில் மட்டும் மூன்று தரம் விமானத்தைத் தாமதிக்கச் சொல்லியிருந்தாள். மூன்று தரமும் பயணிகளின் முகத்தைப் பார்த்துப் பதில் சொன்னதும் அவள்தான்.

அன்று இரண்டு மணி விமானத்துக்காக ஸிபான் என்பவரும் அவர் மனைவி அஸீமாவும் இரண்டு பிள்ளைகளும் காத்திருந்தார்கள். கட்டாரில் வேலை. லீவு முடிந்து கொழும்பிலிருந்து மாலை விமானத்தில் திரும்ப வேண்டும். கண்டி வீதி நெரிசலில் வேன் போய்ச் சேராது என்று இதைப் பிடித்திருந்தார்கள்.

ஹந்தானை மலைக்கு மேலே மேகம் பூக்கோசுபோல் அடுக்கடுக்காக எழுந்து, உச்சியில் தட்டையாகப் பரந்து நின்றது. நீர்த்தேக்கத்தின் மேல் மட்டும் பளிச்சென்று வெயில்.

ரேடியோ கரகரத்தது. "கலாக்கா, ஹந்தானைப் பக்கம் நல்லாக் கறுத்து ஈக்குது. நான் வடக்கால சுத்தி வாறன். கீழ எப்பிடி?"

"இங்க வெயில் அடிக்குதுங்க சேர். தண்ணி சும்மாத்தான் கெடக்குது," என்று தொடங்கியவள் பாதியில் நிறுத்தினாள். சேலைத் தலைப்பு படபடத்தது. வேகிற வெயிலுக்குள், ஐஸ்பெட்டியைத் திறந்தாற்போல் ஒரு குளிர்காற்று, அந்த மேகத்தின் பக்கமிருந்து. அக்கரையோரம் தண்ணீர் கறுத்து, அந்தக் கறுப்பு இந்தக் கரையை நோக்கி நகர்ந்து வந்தது.

"சேர், குளிர்காத்து வருது. மேகத்துக்குள்ளருந்து வருது. எறங்க வேணாம். திரும்பிப் போயிடுங்க."

அரூஸ் விடவில்லை. "உள்ள ஆறு பேர் ஈக்கிறாங்க அக்கா. அஞ்சு நிமிஷத்துல வந்துருவன். நல்லாப் பாத்துச் சொல்லுங்க."

ஹபீல் பக்கத்தில் வந்து நின்றார். "அக்கா, இவங்கட ஃப்ளைட் போயிருமே," என்றார் மெதுவாக.

அவள் மறுபடி தண்ணீரைப் பார்த்துவிட்டு ரேடியோவை எடுத்தாள். "பாத்துட்டேன் சேர். வராதீங்க," என்றாள்.

"சரி. திரும்புறன்."

உடனே அவள் துறையில் நின்றவர்களைக் கரைக்கு வரச்சொன்னாள். தகரக் கூரைக்குக் கீழேயும் நிற்க விடவில்லை. பிள்ளைகளையும் தாயையும் அவர்கள் வந்த வேனுக்குள் ஏற்றிக் கதவை, கண்ணாடியை மூடச்செய்தாள். மற்றவர்களை அறைக்குள் அனுப்பினாள். நாலைந்து நிமிடம் காற்று வீசியது. பூச்சட்டி இரண்டு உருண்டன. பத்துச் சொட்டு மழை. தெற்கே மலைக்கு அப்பால் இடி உருண்டுகொண்டே போய் ஓய்ந்தது. பிறகு பழைய வெயில்.

ஸிபான் தாழ்வாரத்துக்கு வந்து வானத்தைக் காட்டினார். "எங்க புயல்? இந்தக் காத்துக்கா பிளேன திருப்பி அனுப்பினீங்க?"

"இப்ப அப்பிடித்தாங்க தெரியும்," என்றாள் கலாராணி.

"நீங்க யாரு இத சொல்றதுக்கு? கூட்டுற ஆள்தானே?"

கையில் விளக்குமாறு இருந்தது. உடைந்த பூச்சட்டியை அள்ளிக்கொண்டிருந்தாள். அஸீமா மட்டும் கணவனின் கையைப் பிடித்து, "விடுங்க, போவம்," என்றாள். வேன் புழுதி கிளப்பிப் போனது. மாலை விமானம் அவர்களுக்குத் தவறிவிட்டதென்று மறுநாள் தெரிந்தது. தலைமையகத்துக்கு நீண்ட முறைப்பாடும் போயிருந்தது. கலாராணி அன்றிரவு சோறு பிசைந்துவிட்டுச் சாப்பிடாமல் எழுந்தாள். அந்தப் பிள்ளைகளின் முகம்தான் நினைவில் நின்றது. தன் கணிப்புத் தப்பாக இருக்குமோ என்ற எண்ணம் விடியும்வரை போகவில்லை.

காலையில் அரூஸ் விமானத்தை இறக்கிக் கயிறு கட்டியதும் அவளைக் கூப்பிட்டுச் சிறகின் முன்விளிம்பைக் காட்டினார். தகட்டில் சுத்தியலால் தட்டினதுபோல் சிறு சிறு பள்ளங்கள்.

"ஆலங்கட்டி. நீங்க வேணாமென்ட பிறகும் நான் ரெண்டு நிமிஷம் நேரா வந்தன் அக்கா. மேகத்தோரமா எட்டிப் பாப்பமென்டு. அதுக்குள்ள பிளேன் கல்லுமாதிரிக் கீழ போச்சு. உயரத்துல இருந்ததால தப்பினன். தண்ணிக்குக் கிட்ட வந்து அது நடந்திருந்தா தப்ப எடம் இல்ல." பின்னால் இருந்த ஒருவருக்கு நெற்றியில் காயமாம். அரூஸ் அதையும் தன் அறிக்கையில் எழுதியிருந்தார், தன் இரண்டு நிமிடத்தையும் சேர்த்து.

தலைமையகத்திலிருந்து இராமநாதன் என்ற அதிகாரி விசாரிக்க வந்தார். விளக்கக் கடிதம் கேட்க அவளுடைய கோப்பைத் திறந்தார். அதில் துப்புரவுப் பணியாளர் என்றே இருந்தது. வானிலை பார்ப்பவர் என்று எந்தத் தாளிலும் யாருடைய பெயரும் இல்லை.

"யார் உங்களப் பாக்கச் சொன்னது?"

"யாரும் சொல்லலைங்க. காளிமுத்து அடிபட்டதுக்கப்புறம் நானே பாத்தேன். அப்புறம் எல்லாரும் கேக்க ஆரம்பிச்சிட்டாங்க."

இராமநாதன் பேனாவை மூடினார். ஹபீல் நிலத்தைப் பார்த்தார். பிறகு, இத்தனை வருடத்தில் முதல் தடவையாக, "பிழை எங்கட சேர். நாலு வருஷமா அவங்கட பேச்சிலதான் பிளேன் எறங்குது. எழுதிக் கொடுக்க எனக்குத்தான் தைரியம் வரல்ல," என்றார்.

கலாராணியையும் ஹபீலையும் கொழும்பில் மூன்று நாள் வகுப்புக்கு அனுப்பினார்கள். மேகத்துக்குள்ளிருந்து கனத்த குளிர்காற்று கீழே விழுந்து, நிலத்தில் மோதி நாலா பக்கமும் விரியும் என்று அங்கே படம் போட்டுக் காட்டினார்கள். இறங்க வரும் விமானத்துக்கு முதலில் எதிர்க்காற்று, உடனே கீழ்நோக்கிய அழுத்தம், அடுத்த கணம் பின்காற்று. தாழ்வாக வருகிறவனுக்குத் தப்ப நேரம் இருக்காது. இடிமேகத்துக்கு இருபது மைல் விலகிப் போக வேண்டும். மின்னல் பட்டாலும் விமானம் பெரும்பாலும் தாங்கிவிடும், காற்றும் ஆலங்கட்டியும்தான் கவிழ்க்கும். இடிச் சத்தம் கேட்டாலே துறையில் ஆள் நிற்கக்கூடாது. கடைசி இடிக்குப் பிறகும் அரை மணி நேரம் பொறுக்க வேண்டும். மழை இங்கே வரவில்லை என்பது கணக்கே இல்லை. அவள் உடலால் அறிந்ததற்கெல்லாம் பெயர் இருந்தது. அதைக் கேட்டபோது பெருமையைவிட அயர்ச்சியே வந்தது. காளிமுத்துவுக்கு இதை யாராவது சொல்லியிருந்தால் என்று நினைத்தாள்.

முடிவில் பதவி உயர்வு தருவதாகச் சொன்னார்கள். அவள் ஒன்றே ஒன்று கேட்டாள். "ஒத்த ஆளா என்னய விட்றாதீங்க சேர். இன்னொரு கண்ணு வேணும். நான் சொல்றது தப்பா இருந்தா தடுக்குறதுக்கும், சரியா இருந்தா கூட நிக்கிறதுக்கும்." ஆறு வாரம் இழுத்தடித்துவிட்டுக் கொடுத்தார்கள். சித்தி றலியா என்ற இளம் பெண் வந்தாள். காற்றின் வேகம் காட்டும் கருவியும் வந்தது. இருவரில் ஒருவர் வேண்டாம் என்றாலும் விமானம் இறங்காது என்பது தாளில் ஏறியது.

பயணிகள் இப்போதும் முணுமுணுக்கிறார்கள். பொய்த்துப்போன மழைக்கு இப்போதும் திட்டு விழுகிறது. ஆனால் அது இரண்டாகப் பிரிந்து விழுகிறது.

ஒக்டோபரில் இடிக்காலம் மறுபடி தொடங்கியது. ஒரு புதன்கிழமை அவளுக்கு ஓய்வு. பன்விலையில் தேயிலைத் தோட்டத்து லய வீட்டில் பகல் சமைத்து முடித்துப் பாயில் சாய்ந்திருந்தாள். தூரத்தில் இடி முழங்கியது. எழுந்து உட்கார்ந்தாள். வெளியே போய்ப் பார்க்கலாமா என்று ஒரு கணம் கால் துடித்தது. துறையில் றலியா இருப்பாள். தலையணையைத் திருப்பிப் போட்டுப் படுத்தாள். மழை தகரத்தில் கொட்டத் தொடங்கியபோது அவள் நன்றாகத் தூங்கிப்போயிருந்தாள்.